தொலைக்காட்சிக்கு எழுதிய கடிதம்

தொலைக்காட்சி நிலையத்துக்கு முறைப்பாடு எழுதினேன் என்று சொன்னால் எங்கள் ஊரில் இன்றைக்கும் சிரிப்பார்கள். கிராம அலுவலருக்கு எழுதலாம், பிரதேச செயலாளருக்கு எழுதலாம், ஆணைக்குழுக்களுக்கு எழுதி எழுதியே எங்கள் பெண்கள் எத்தனையோ கொப்பிகளை முடித்துவிட்டார்கள். ரீவிக்கு ஆராவது எழுதுவினமோ? பிடிக்காவிட்டால் றிமோட்டை அமத்தி வேறு அலைவரிசைக்கு மாற்றிவிட வேண்டியதுதானே என்பார்கள். நாடகத்தில் மாமியார் செய்யும் அநியாயம் பொறுக்க முடியாவிட்டால் மாற்றிவிடலாம்தான். திரையில் வருவது நானாக இருந்தால் எந்த அலைவரிசைக்கு மாறுவது?

அதனால்தான் சகோதரிகளே, 2018ஆம் ஆண்டு எனக்கு நடந்த இந்த விடயத்தை எழுத நினைத்தேன். என்னைப் போலப் படம் எடுக்கப்பட்டவர்கள் உங்களில் பலர் இருப்பீர்கள். மே மாதம் வந்தாலும், ஓகஸ்ட் 30 வந்தாலும், ஜெனீவாவில் கூட்டம் என்றாலும் எங்கள் முகங்கள்தான் செய்திக்குத் தேவைப்படுகின்றன. அந்தச் செய்தியை இரவில் வீட்டிலிருந்து பார்ப்பவர்களும் நாங்கள்தான் என்பது படம் பிடிக்கிறவர்களுக்கு ஏனோ நினைவில் இருப்பதில்லை.

இலங்கையில் தொலைக்காட்சி 1979 ஏப்ரலில் தொடங்கியது. ரூபவாஹினி 1982 பெப்ரவரியில் வந்தது. ஆனால் கிளிநொச்சி மாவட்டத்தில் எங்கள் கிராமத்துக்கு மின்கம்பி வந்தது, போர் முடிந்து, முகாமிலிருந்து திரும்பி, வீட்டுத்திட்டத்தில் வீடும் கட்டிய பிறகுதான். அதற்கு முந்திய காலத்தில், சாமத்தியச் சடங்கோ கலியாணமோ நடக்கிற வீட்டில் வாடகைக்குப் பிடிக்கிற டெக்கும் ஜெனரேற்றரும்தான் எங்கள் தொலைக்காட்சி. மண்ணெண்ணெய் முடிகிற இடத்தில் படமும் முடிந்துவிடும். கதாநாயகி கடைசியில் என்ன ஆனாள் என்று தெரியாமலே நாங்கள் பார்த்த படங்கள் பல.

எங்கள் வீட்டுக்கு ரீவி 2014இல் வந்தது. சீட்டுக் காசில் வாங்கிய பழைய பெட்டி. பிறகு மாதம் மாதம் காசு கட்டுகிற டிஷ்ஷும் பூட்டினோம். இரவில் நானும் மாமியும் மகளும் பக்கத்து வீட்டு அக்காவும் அதற்கு முன்னால் இருப்போம். சீரியல் பார்க்கிற பெண்களை எல்லோரும் குறை சொல்கிறார்கள். எனக்கு அதில் உடன்பாடு இல்லை. பகல் முழுக்க வெயிலில் கச்சான் பிடுங்கிவிட்டு வருகிற ஒருத்தி, தன்னுடைய கவலையை அரைமணி நேரம் ஒதுக்கி வைத்துவிட்டு வேறு ஆருடையவோ கவலைக்கு அழுதால் அதில் என்ன பிழை? அதுவும் ஓர் ஓய்வுதான்.

இனி நடந்ததைச் சொல்கிறேன். 2017 பெப்ரவரி 20ஆம் திகதி கிளிநொச்சி கந்தசுவாமி கோயில் முன்றலில், காணாமல் ஆக்கப்பட்டவர்களின் உறவுகள் தொடர் போராட்டத்தைத் தொடங்கினார்கள். தோட்ட வேலை இல்லாத நாட்களில் நானும் கணவரின் படத்தை மடியில் வைத்துக்கொண்டு அந்தக் கொட்டகைக்குள் இருந்தேன். பத்திரிகைக்காரர், ரீவிக்காரர், வெளிநாட்டுக்காரர் என்று பலரும் வந்தார்கள். ஒரு நாள் ஒரு பெடியன் என் முன்னால் முழங்காலில் இருந்து, கமராவை என் முகத்துக்குக் கிட்டக் கொண்டுவந்து படம் எடுத்தான். அந்த நேரம் நான் அழுதுகொண்டிருந்தேன். அழுகை நின்றதும் ஏதாவது கேட்பான் என்று பார்த்தேன். பெயர் கேட்கவில்லை, ஊர் கேட்கவில்லை, மடியில் இருக்கிற படத்தில் இருப்பவர் ஆர் என்றும் கேட்கவில்லை. கமராவைத் தோளில் போட்டுக்கொண்டு அடுத்த அம்மாவிடம் போய்விட்டான்.

ஒரு வருடத்துக்கு மேல் கழிந்து, 2018 மே 18ஆம் திகதி இரவுச் செய்தியில் அந்தக் காட்சி வந்தது. எண்ணிப் பார்த்தால் பத்து விநாடிகூட இருக்காது. கீழே எழுத்தில் போட்டிருந்தார்கள்: ‘யுத்தத்தில் கணவனை இழந்த விதவைத் தாய்.’

எந்த அலைவரிசை என்று நான் இங்கே எழுதப் போவதில்லை. அவர்கள் மட்டும் செய்கிற வேலையும் இல்லை இது.

என்னுடைய கணவர் 2009 மே 18ஆம் திகதி வட்டுவாகலில் இராணுவத்திடம் சரணடைந்தவர். நானும் மாமியும் பார்த்துக்கொண்டு நிற்க, பஸ்ஸில் ஏற்றப்பட்டவர். அன்றைக்கு மகளுக்கு மூன்று வயது. அதற்குப் பிறகு ஒரு தகவலும் இல்லை. 2010ஆம் ஆண்டின் 19ஆம் இலக்கச் சட்டத்தின் கீழ், காணாமற் போனவர்களுக்கும் மரணச் சான்றிதழ் எடுக்கலாம் என்று வந்தபோது, ‘எடுத்தால் நட்டஈடு கிடைக்கும், பிள்ளைக்கு உதவும்’ என்று பலர் சொன்னார்கள். எடுத்தவர்களை நான் குறை சொல்லமாட்டேன். அவரவர் வீட்டு அடுப்பு அவரவருக்குத்தான் தெரியும். நாங்கள் எடுக்கவில்லை. 2016இல் அந்தச் சட்டத்தைத் திருத்தி, காணாமல் போனமைக்கான சான்றிதழ் என்று ஒன்றைக் கொண்டுவந்தார்கள். அவர் இறந்துவிட்டார் என்று எழுதிக் கொடுக்காமலே பிள்ளையின் அலுவல்களைப் பார்க்க அது வழிவிட்டது. அதைத்தான் எடுத்தோம். எட்டு வருடமாக எங்கள் வீட்டில் பேசிப் பேசி, அழுது அழுது எடுத்த முடிவு அது. ‘விதவை’ என்ற மூன்று எழுத்தில் அந்த முடிவை ஒரு செய்தியறை மாற்றிப் போட்டது.

செய்தி முடிந்ததும் மாமி என் பக்கம் திரும்பி, “பிள்ளை, நீ எழுதிக் குடுத்திட்டியோ?” என்று கேட்டா. எனக்கு முதலில் விளங்கவில்லை. மரணச் சான்றிதழுக்குத் தனக்குத் தெரியாமல் கையெழுத்து வைத்துவிட்டேனோ, அதனால்தான் ரீவியில் அப்படிப் போட்டிருக்கிறார்களோ என்று நினைத்துவிட்டா. சத்தியம் பண்ணிச் சொன்னேன். ஆனாலும் மூன்று நாள் என் கையால் சாப்பாடு வாங்கவில்லை. மகனுடைய சேட்டை இன்னமும் தோய்த்து மடித்து வைக்கிற தாய் அவ. அவவை நான் எப்படிக் கோபிப்பது?

மகள் கேட்டதுதான் இன்னும் பெரிய கேள்வி. பள்ளிக்கூடத்தில் யாரோ ஒரு பிள்ளை, “உங்கட அப்பா செத்திட்டாராம், ரீவியில போட்டவங்கள்” என்று சொல்லியிருக்கிறது. மகள் வீட்டுக்கு வந்து புத்தகப் பையைக்கூட இறக்காமல், “அம்மா, எங்களுக்குத் தெரியாத ஏதும் அவங்களுக்குத் தெரியுமோ?” என்று கேட்டாள்.

அந்தக் கேள்விக்குப் பிறகுதான் எழுதுவது என்று தீர்மானித்தேன்.

இந்த இடத்தில் ஒன்றைச் சொல்ல வேண்டும். விதவை என்பது இழிவான சொல் என்று நினைத்து நான் முறைப்பாடு செய்யவில்லை. எங்கள் மாதர் கிராம அபிவிருத்திச் சங்கத்தில் பலர் ஷெல்லுக்குக் கணவரைப் பறிகொடுத்தவர்கள். அவர்களோடுதான் நான் ஒன்றாகச் சமைக்கிறேன், ஒன்றாகச் சீட்டுக் கட்டுகிறேன். அவர்களில் ஓர் அக்கா சொன்னா, “நான் விதவை எண்டதை நான் சொல்லுவன். நீ இல்லை எண்டதை நீ சொல்லு. ரீவிக்காரன் ஆர் எங்களுக்குப் பேர் வைக்கிறதுக்கு?” என்று. அவ கணவரைத் தன் கையால் புதைத்தவ. தன்னுடைய உண்மை வேறு, என்னுடைய உண்மை வேறு என்று அவவுக்குத் தெரிந்திருந்தது.

சங்கக் கூட்டத்தில் கடிதத்தைப் பற்றிக் கதைத்தபோது ஆளுக்கு ஒன்று சொன்னார்கள். நல்லாய்த் திட்டி எழுத வேண்டும் என்று சிலர். பேசாமல் விடு, பிறகு எங்கள் போராட்டத்தைக் காட்டாமலே விட்டுவிடுவார்கள் என்று சிலர். இந்தப் பயத்தை நான் சின்னதாக நினைக்கவில்லை. கமரா வராவிட்டால் எங்களை யாருக்கும் தெரியாது. கமரா வந்தால் இப்படி. இரண்டுக்கும் நடுவில்தான் எங்கள் நிலைமை. கடைசியில் எங்கள் ஊரில் ஓய்வுபெற்று இருக்கிற ரீச்சர் ஒருவர், “கோபத்தை எழுதாதேங்கோ பிள்ளையள், நேரத்தை எழுதுங்கோ” என்றார். எந்த நாள், எத்தனை மணிச் செய்தி, எந்த விடயத்தின் கீழ் காட்டினார்கள், எழுத்தில் என்ன இருந்தது, அதில் எது உண்மை இல்லை, அதற்கு ஆதாரம் என்ன, இப்போது அவர்கள் என்ன செய்ய வேண்டும். இவ்வளவும் ஒரு பக்கத்துக்குள் அடங்க வேண்டும் என்றார். இரண்டாம் பக்கத்தை ஒருவரும் படிக்க மாட்டார்கள் என்பது அவருடைய கணிப்பு.

மூன்று விடயம் கேட்டேன். அந்தக் காட்சியை அந்த எழுத்தோடு இனிமேல் போடக்கூடாது. போட்டது பிழை என்று அதே இரவுச் செய்தியில் சொல்ல வேண்டும். இனி என் முகத்தைக் காட்டுவதென்றால் என்னைக் கேட்க வேண்டும். காணாமல் போனமைக்கான சான்றிதழின் போட்டோப் பிரதியையும் வைத்து, 2018 மே 21ஆம் திகதி பதிவுத் தபாலில் அனுப்பினேன். உப தபாலகத்தில் இருந்த தம்பி விலாசத்தைப் பார்த்துவிட்டு, “என்னக்கா, பாட்டுப் போட்டியோ?” என்று கேட்டான். அவனைச் சொல்லிக் குற்றமில்லை. எங்கள் ஊரிலிருந்து தொலைக்காட்சிக்குப் போன கடிதங்கள் பரிசுப் போட்டிக் கடிதங்களாகத்தான் இருந்திருக்கும்.

ஒரு மாதமாகப் பதில் இல்லை. சட்ட உதவி ஆணைக்குழுவின் கிளைக் கந்தோருக்கு வேறு அலுவலாகப் போனபோது, அங்கிருந்த சட்டத்தரணிப் பிள்ளையிடம் இதைப் பற்றிக் கேட்டேன். தொலைக்காட்சியைப் பற்றி முறைப்பாடு செய்ய ஒரு தனியான, சுதந்திரமான இடம் இந்த நாட்டில் இல்லை என்று அந்தப் பிள்ளை சொன்னா. பத்திரிகையில் பிழையாக வந்தால், பத்திரிகைத் துறையினரே 2003இல் அமைத்த பத்திரிகை முறைப்பாட்டு ஆணைக்குழு இருக்கிறது. அது பத்திரிகைகளுக்குத்தான். தொலைக்காட்சிக்கு அனுமதிப்பத்திரம் கொடுப்பது அமைச்சர், 1982ஆம் ஆண்டின் ரூபவாஹினிக் கூட்டுத்தாபனச் சட்டத்தின் கீழ். ஒலி, ஒளிபரப்புக்கு ஓர் அதிகார சபை அமைக்க 1997இல் ஒரு சட்டமூலம் வந்தபோது, அது அரசாங்கத்தின் கைக்குள் இருக்கும் சபையாக இருக்கிறது, பேச்சுச் சுதந்திரத்துக்குப் பொருந்தாது என்று உயர் நீதிமன்றம் சொல்லிவிட்டது. (2023இல் திரும்பவும் அப்படி ஒரு வரைவு வந்து, எதிர்ப்புக் கிளம்பியது உங்களுக்கு நினைவிருக்கும்.)

எனக்கும் அரசாங்கம் தடியோடு தொலைக்காட்சிக்கு மேல் நிற்பதில் விருப்பம் இல்லை. 2009 ஜனவரியில் பன்னிப்பிட்டியில் ஒரு தொலைக்காட்சி நிலையத்தின் கலையகத்துக்குள் ஆயுதங்களோடு புகுந்து அடித்து நொறுக்கிய நாடு இது. வாயை மூடு என்று சொல்ல இங்கே ஆட்கள் நிறைய. நாங்கள் கேட்பது அதற்கு நேர் எதிரானது. வாயைத் திறந்து பதில் சொல்லுங்கள் என்றுதான் கேட்கிறோம்.

சட்டத்தரணிப் பிள்ளை சொன்ன இன்னொரு விடயம் என்னை நிமிர்த்தியது. இலங்கை ஒலிபரப்புக் கூட்டுத்தாபனம் 1994இல் முறைசாராக் கல்வி நிகழ்ச்சி ஒன்றைத் தொடங்கி, நேயர்களையும் தொலைபேசியில் கலந்துரையாட விட்டது. 1995 பெப்ரவரியில் அதைத் திடீரென்று நிறுத்தியபோது, அந்த நிகழ்ச்சியைத் தொடர்ந்து கேட்டு, அதில் பங்குபற்றியும் வந்த நேயர் ஒருவர் உயர் நீதிமன்றத்துக்குப் போனார். அவர் அறிவிப்பாளரும் இல்லை, தயாரிப்பாளரும் இல்லை. வெறும் நேயர். 1996இல் நீதியரசர் மார்க் பெர்னாண்டோ எழுதிய தீர்ப்பு, அரசியலமைப்பின் 14ஆம் உறுப்புரை தருகிற பேச்சு, கருத்து வெளிப்பாட்டுச் சுதந்திரம் அந்த நேயருக்கு மீறப்பட்டிருக்கிறது என்று சொன்னது. கேட்டுக்கொண்டு இருப்பவருக்கும் அந்த ஒலிபரப்பில் ஒரு பங்கு இருக்கிறது என்று நான் அதை விளங்கிக்கொண்டேன். பெட்டிக்கு முன்னால் பாயில் இருக்கிற எனக்கும் என் மாமிக்கும்கூட.

ஆனால் அந்த வழி அரச நிறுவனங்களுக்கு எதிராகத்தான் திறக்கும் என்பதையும், ஒரு மாதத்துக்குள் போக வேண்டும் என்பதையும் அந்தப் பிள்ளை சொல்லத் தவறவில்லை. அந்த ஒரு மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவுக்கு முறைப்பாடு கொடுத்தால், அவர்கள் விசாரிக்கும் காலம் அந்த மாதத்தில் கணக்கெடுக்கப்படாது. அவர்களுடைய தொலைபேசி இலக்கம் 1996. அரச அலைவரிசையாக இருந்தால் இன்னொரு வழியும் உண்டு. 2017 பெப்ரவரியில் நடைமுறைக்கு வந்த தகவல் அறியும் சட்டத்தின் கீழ், ‘என்னுடைய முறைப்பாட்டின் மேல் என்ன நடவடிக்கை எடுத்தீர்கள்’ என்று தமிழிலேயே எழுதிக் கேட்கலாம். தகவல் அலுவலர் 14 வேலை நாட்களுக்குள் தருவதா இல்லையா என்று முடிவு சொல்ல வேண்டும். தனியார் என்றால் முதலில் நிலையத்துக்கே எழுத வேண்டும், விடாமல் எழுத வேண்டும், தேவைப்பட்டால் சட்டத்தரணி மூலம் எழுத வேண்டும்.

வீட்டுக்கு வந்து தொலைபேசி எடுத்தேன். முதலில் சிங்களத்தில் கதைத்தார்கள். பிறகு தமிழ்ப் பிரிவுக்குக் கொடுத்தார்கள். அங்கே ஒரு தம்பி. மரியாதையாகத்தான் கதைத்தார். என் கடிதத்தைக் கண்டதாகவும், அது கோவைக் காட்சி என்பதால் பழையதை எடுத்துப் போட்டிருப்பார்கள் என்றும் சொன்னார். “அம்மா, உங்கட முகத்தில நல்ல உணர்ச்சி இருந்தது, அதான் எடுத்திருப்பினம்” என்றார். அதை ஒரு பாராட்டாகத்தான் நினைத்துச் சொன்னார் என்று நினைக்கிறேன்.

“அப்ப ஏன் விதவை எண்டு போட்டனியள்?” என்று கேட்டேன்.

“அது அம்மா, விதவை எண்டா எல்லாருக்கும் உடன விளங்கும். வலிந்து காணாமல் ஆக்கப்பட்டவரின் மனைவி எண்டு போட்டா நீளம். திரையில இடம் காணாது.”

“தம்பி, என்ரை மனுசன் இருக்கிற இடம் ஒம்பது வருசமாத் தெரியாது. உங்கட திரையிலயும் அவருக்கு இடமில்லையோ?” என்று கேட்டேன். கொஞ்ச நேரம் சத்தம் இல்லை. பிறகு, “ஆசிரியரிட்டைச் சொல்லுறன் அம்மா” என்றார்.

அன்றிரவு நானும் மகளும் இருந்து எண்ணிப் பார்த்தோம். ‘யுத்தத்தில் கணவனை இழந்த விதவைத் தாய்’ என்பது ஐந்து சொல். ‘காணாமல் ஆக்கப்பட்ட கணவரைத் தேடும் மனைவி’ என்பதும் ஐந்து சொல்தான். ஒரு கொப்பித் தாளில் இரண்டையும் ஒன்றின் கீழ் ஒன்றாக எழுதினாள் மகள். நீளத்தில் பெரிய வித்தியாசம் இல்லை. அந்தத் தாளையும் இரண்டாவது கடிதத்தோடு வைத்து அனுப்பினேன். அந்தக் கடிதத்தில் எங்கள் சங்கத்துப் பெண்கள் 37 பேர் கையெழுத்து வைத்தார்கள். கணவரைப் புதைத்த அந்த அக்காதான் முதல் கையெழுத்து. ரூபவாஹினிச் சட்டம் செய்திகள் உரிய துல்லியத்தோடு வழங்கப்பட வேண்டும் என்று அந்தக் கூட்டுத்தாபனத்துக்கு விதித்திருப்பதை எடுத்து எழுதி, மற்ற அலைவரிசைகளும் தங்கள் செய்தி அதைவிடக் குறைந்ததாக இருக்கலாம் என்று நினைக்கமாட்டார்கள் என நம்புகிறோம் என்று ரீச்சர் ஒரு வரி சேர்த்தார். அந்த வரியில் எங்களுக்கெல்லாம் பெரிய சந்தோசம்.

லண்டனில் இருக்கிற என் தங்கச்சி இதைக் கேட்டுவிட்டு, அங்கே ஒஃப்கொம் என்று ஒரு சபை இருக்கிறது, ஆரும் முறைப்பாடு செய்யலாம், ஒளிபரப்பான நாளிலிருந்து 20 வேலை நாட்களுக்குள் அனுப்ப வேண்டும் என்றாள். எங்கள் சம்பவமே அங்கே முறைப்பாடாகப் போயிருக்கிறது. 2011 ஜூனில் சனல் 4 எங்கள் இறுதிப் போரின் காட்சிகளை ஒளிபரப்பியபோது, அது கொடூரமானது, பக்கச்சார்பானது என்று பலர் முறைப்பாடு செய்தார்கள். ஒஃப்கொம் விசாரித்து, பிந்திய இரவில்தான் போட்டிருக்கிறார்கள், முன்கூட்டியே எச்சரிக்கை கொடுத்திருக்கிறார்கள், விதிமீறல் இல்லை என்று அந்த வருடம் ஒக்ரோபரில் காரணங்களோடு எழுதி வெளியிட்டது. முடிவை ஏற்கிறவர் ஏற்கலாம், மறுக்கிறவர் மறுக்கலாம். காரணம் சொல்லி எழுத்தில் ஒரு பதில் வந்தது என்பதுதான் என்னை யோசிக்க வைத்தது. ஆனால் அங்கேயும், பார்க்கிறவரின் மனம் நோகுமா என்று பார்த்த அளவுக்குப் படத்தில் கிடக்கிறவரின் தாயைப் பற்றி எவ்வளவு யோசித்திருப்பார்கள் என்று எனக்குள் ஒரு கேள்வி உண்டு. அந்தத் தாயும் எங்கோ ஒரு பெட்டிக்கு முன்னால் இருந்திருப்பா.

ஓகஸ்ட் மாதம் நடுப்பகுதியில் அலைவரிசையின் செய்திப் பிரிவிலிருந்து தொலைபேசி வந்தது. இந்த முறை ஒரு பெண்ணின் குரல். அந்தக் காட்சியில் ‘அனுமதியின்றிப் பாவிக்க வேண்டாம்’ என்று குறித்து வைத்துவிட்டோம் என்றா. செய்தியில் திருத்தம் சொல்வீர்களா என்று கேட்டதற்கு, மூன்று மாதம் கழிந்துவிட்டது, இப்போது சொன்னால் சனத்துக்கு விளங்காது என்றா. மூன்று மாதமாகப் பதில் சொல்லாமல் இருந்தது ஆர் என்று கேட்டேன். அதற்கும் ஒன்றும் சொல்லவில்லை. நான் அதை மன்னிப்பாக எடுத்துக்கொள்ளவில்லை. எழுத்தில் தாருங்கள் என்று கேட்டேன், ஒரு கிழமையில் நாலு வரிக் கடிதம் வந்தது. அந்தக் கடிதத்தை மாமிக்கு இரண்டு தரம் வாசித்துக் காட்டினேன். ‘தங்கள் கணவர் காணாமல் ஆக்கப்பட்டவர் என்பதைக் கவனத்தில் எடுத்துள்ளோம்’ என்ற வரியை மூன்றாம் தரமும் வாசிக்கச் சொன்னா. பிறகு அதை வாங்கி, சேட்டு மடித்து வைத்திருக்கிற பெட்டிக்குள் வைத்தா.

அந்த ஓகஸ்ட் 30ஆம் திகதி, காணாமல் ஆக்கப்பட்டோர் தினச் செய்தியில் வேறொரு தாயைக் காட்டினார்கள். கீழே ‘காணாமல் ஆக்கப்பட்ட மகனைத் தேடும் தாய்’ என்று இருந்தது. அது எங்கள் கடிதத்தால் வந்ததா, அந்தத் தம்பி தானாகவே எழுதினாரா, எனக்குத் தெரியாது. மகள் மட்டும் எழும்பி நின்று, “அம்மா, இடம் காணுது!” என்று கத்தினாள்.

அதற்குப் பிறகு எங்கள் சங்கத்தில் ஒரு சி.ஆர். கொப்பி வைத்திருக்கிறோம். செய்தியிலோ நாடகத்திலோ ஏதாவது மனதில் குத்தினால், பார்த்தவர் நாளையும் நேரத்தையும் அலைவரிசையையும் அதில் எழுதுவார். எழுதத் தெரியாதவர் சொல்ல மற்றவர் எழுதுவார். கொப்பியில் எல்லாம் ஒரே மாதிரி இல்லை. விதவைப் பெண் எதிரே வந்தால் சகுனப் பிழை என்று காட்டிய இந்திய நாடகத்தைப் பற்றி நாலு பேர் எழுதியிருக்கிறார்கள். அந்த நாட்டு நாடகங்களைப் பற்றிய முறைப்பாடுகளை விசாரிக்க அங்குள்ள ஒளிபரப்பாளர்களே 2011இல் ஒரு சபை அமைத்திருக்கிறார்கள். நாங்களோ, அதை இங்கே வாங்கிப் போடுகிற அலைவரிசைக்கு எழுதினோம். பதில் இல்லை, நாடகமும் நிற்கவில்லை. பாலியல் வன்முறைக்கு உள்ளான ஒரு பிள்ளையின் வீட்டையும் ஒழுங்கையையும் காட்டிய செய்தியைப் பற்றியும் எழுதினோம். முகத்தை மறைத்துவிட்டு வீட்டைக் காட்டினால் ஊருக்குத் தெரியாதா? பாதிக்கப்பட்டவரை அடையாளம் காட்டும் எதையும் வெளியிடுவது தண்டனைச் சட்டக்கோவையின்படி குற்றம் என்பதை அந்தச் சட்டத்தரணிப் பிள்ளையிடம் கேட்டுத்தான் எழுதினோம். அதற்கு ஐந்தாம் நாளே தொலைபேசி வந்தது, அந்தக் காட்சியை எடுத்துவிட்டோம் என்று. சட்டத்தின் பெயர் தெரிந்தால் பதில் கெதியாக வருகிறது.

பாராட்டியும் எழுதுகிறோம். வெள்ளம் வந்த நேரம் எந்தெந்தப் பாதை மூடியிருக்கிறது என்று விடிய விடியத் தமிழில் சொல்லிக்கொண்டிருந்தவர்களுக்கு ஒரு கடிதம் போனது. அதற்கு அவர்கள் நன்றி சொல்லி எழுதிய பதில் எங்கள் சங்கக் கட்டடத்தில் தொங்குகிறது.

கொப்பியில் கடைசியாக இருப்பது மாமியுடைய முறைப்பாடு. அவவுக்கு இப்போது கண் பார்வை குறைவு. செய்தியில் கீழே ஓடுகிற எழுத்து மிக வேகமாக ஓடுகிறதாம், பெயர்களை வாசித்து முடிப்பதற்குள் போய்விடுகிறதாம். “பேர் வாற நேரமாவது கொஞ்சம் மெல்ல விடச் சொல்லு பிள்ளை” என்று சொல்லச் சொல்ல நான் எழுதினேன். எந்த நாள், எத்தனை மணிச் செய்தி என்று கேட்டேன். “எல்லா நாளும்தான்” என்றா. ஒரு நாளைக் குறிப்பாகச் சொல்ல வேண்டும் என்று விளங்கப்படுத்தியிருக்கிறேன். இந்தக் கிழமை செய்தி பார்த்துவிட்டுச் சொல்வா.